குழம்பில் மிதந்த கல்பாசி

இன்று காலை எண்ணெய் காய்ந்ததும் கல்பாசியை முழுசாகப் போட்டேன். மழையில் நனைந்த மரத்தின் மணம் எழுந்தது. உடனே நீ நினைவில் வந்துவிட்டாய், கரண்டியும் கையுமாக, திருவொற்றியூர் ஆலைச் சுவரோரத்து ஓலைக் கொட்டகையில் நின்றபடி.

ஐம்பதுகளின் தொடக்கம் அது. கணவர் இறந்த பிறகும் காரைக்குடிக்குத் திரும்பாமல் அங்கே சோற்றுக்கடை போட்டிருந்தாய். நான் பாடம் நடத்திய பள்ளிக்கூடத்தில் மதிய மணி அடித்ததும் சாப்பிட உன்னிடம்தான் வருவேன். உங்கள் ஊர்ப்பக்கம் ஆட்டுக்கறிக்குப் போடுவதை நீ மீன்குழம்பிலும் போட்டாய். இந்தக் கடற்கரையில் யாரும் செய்யாத காரியம். அதையும் பொடிக்க மாட்டாய். ஒரு பக்கம் சாம்பல் நிறமும் மறுபக்கம் கருப்புமாகக் காய்ந்த பட்டைபோல மிதக்கும்.

உனக்கு மீன் கொடுக்கும் அஞ்சலை முகம் சுளிப்பாள். "இன்னாக்கா இது, மரத்துக்குச் சொறி புட்ச்ச மாதிரி கீது? தூளாக்கிப் போட்டுடேன், எவன் கேக்கப் போறான்?"

"தின்னுறவனுக்குத் தெரிய வேணாமாடி?" என்பாய்.

ஒருநாள் சுகாதார அதிகாரி வந்தார். கரண்டியால் அதைத் தூக்கிப் பார்த்துக் குப்பை என்றார். கெட்ட மனிதரில்லை, தப்பிக்க வழியும் சொன்னார். "ஏதோ விழுந்துடுச்சுன்னு சொல்லும்மா. எச்சரிச்சு விட்டுடறேன். இல்லேன்னா நாளைக்கு இங்க கடை இருக்கக் கூடாது."

அந்தக் கடைதான் உனக்கும் உன் பெண்களுக்கும் சோறு. ஒத்துக்கொள் என்று நான் கண்ஜாடை காட்டினேன். நீ என் பக்கம் திரும்பவே இல்லை.

"விழலைங்க. நான் போட்டது."

பானை சாக்கடைக்குப் போனது.

மறுநாள் ஆறுதல் சொல்ல வந்தேன். கொட்டகை வாசலில் கல்பாசியை நூலில் கோத்துத் தோரணம் கட்டியிருந்தாய். அடுப்பு எரிந்தது. சங்கு ஊதியதும் ஆலைக்காரர்கள் வந்தார்கள். ஒருவன் தோரணத்தைத் தட்டிவிட்டு, "யாருக்குக்கா கண்ணாலம்?" என்றான்.

"உனக்குத்தான். உக்காரு."

அதிகாரியும் வந்தார். குழம்பை ருசித்து மனம் மாறினார் என்று எழுத ஆசைதான். அப்படி நடக்கவில்லை. தோரணத்தைப் பார்த்தார், பந்தியைப் பார்த்தார். "குந்து சார், சோறு கீது" என்றாள் அஞ்சலை. சைக்கிளைத் திருப்பிக்கொண்டு போய்விட்டார். கடை இருந்தது.

அந்தத் தோரணத்திலிருந்து ஒன்றைப் பிய்த்துப்போய் வகுப்பில் காட்டினேன். "இதற்கு வேர் கிடையாது. மரத்தின் சாற்றை உறிஞ்சாது. பட்டையில் ஓர் இடம் பிடித்துக்கொண்டு காற்றிலும் ஈரத்திலும் தானே பிழைக்கும்" என்றேன். ஆலைச் சுவரில் ஒட்டிக்கொண்டவள் என்று உன்னைப் பேசியவர்களின் பிள்ளைகளும் அங்கே இருந்தார்கள். வேண்டுமென்றே இரண்டாம் முறையும் சொன்னேன். நம் ஊர்ப் புகை அதற்கு ஆகாது என்று உன்னிடம் சொன்னபோது, "எனக்கு ஆகுதே டீச்சர்" என்று சிரித்தாய்.

நீ போய்விட்டாய். நானும் வேலையிலிருந்து ஓய்வு பெற்றுவிட்டேன். மகன் மசாலாத்தூள் பாக்கெட் வாங்கிவந்து, "எல்லாம் இதுலயே இருக்கும்மா" என்கிறான். இருக்கட்டும்.

இன்று மதியம் சாப்பிட வந்த விருந்தாளி கருப்பாக ஒன்றைத் தட்டின் ஓரம் ஒதுக்கி, தயங்கித் தயங்கி, "குழம்புல ஏதோ விழுந்திருக்கு போல" என்றார். மகன் சங்கடத்தோடு என்னைப் பார்த்தான்.

"விழலைங்க. நான் போட்டது" என்றேன். அவர் தட்டில் இன்னொரு கரண்டி ஊற்றினேன்.