யாரும் ஆர்டர் எடுக்காத படம்

அண்ணே, அம்மா சொல்லச் சொல்ல, நம் சாப்பாட்டுக் கடையில் உட்கார்ந்து உன் தங்கை ஷப்னம் எழுதுகிறேன். நடந்ததை நடந்தபடி உண்மையாக எழுதுவேன். அம்மா அழி என்றாலும் அழிக்க மாட்டேன்.

அன்பு மகன் ஃபிர்தௌஸுக்கு, அல்லாஹ் உன்னைக் குறையில்லாமல் வைத்திருக்கட்டும். இங்கே அத்தாவுக்கு முட்டிவலி, மற்றபடி எல்லாரும் சுகம். மெல்பர்னிலிருந்து நீ எடுத்து அனுப்பிய குறும்படம் வந்தது. விழாவுக்குத் தேர்வான படம் என்று அத்தா நம் பெர்மாஸ் ஜெயா வட்டாரம் முழுக்கச் சொல்லி, நேற்று நம் கடையில் பந்து விளையாட்டு போடும் பெரிய திரையிலேயே போட்டுவிட்டார். நீ ஒரு சாப்பாட்டுக் கடையில் தனியாக உட்கார்ந்திருக்கிறாய், பேச்சில்லை, பாட்டில்லை, ஆட்கள் உன்னைத் தாண்டித் தாண்டிப் போகிறார்கள். டீ கலக்கும் நவ்சாத், படம் நின்றுவிட்டது என்று ஏணி போட்டு ஏறி புரொஜெக்டரைத் தட்டினான். நீ கண் சிமிட்டியதும் பயந்து இறங்கிவிட்டான். அத்தாவுக்குத்தான் தாங்கவில்லை. அலமாக், ஐயோ, பிள்ளை எவ்வளவு நேரமா உட்கார்ந்திருக்கான், என்ன குடிக்கிறேன்னு கேட்க ஒருத்தனுக்கும் வாயில்லையா, இதெல்லாம் ஒரு கடையா லா என்று திரையைப் பார்த்துச் சத்தம் போட்டார். நாம்தான் ஆள் உட்காருமுன்னே ஆர்டர் கேட்டுவிடுவோமே. போன் போட்டு அந்த முதலாளியைத் திட்ட, படத்தில் கடையின் பெயர்ப் பலகை எப்போது தெரியும் என்று கடைசிவரை காத்திருந்தார். இது நகரத்து மனிதனின் தனிமை என்று ஷப்னம் விளக்கினாள், இத்தனை பேர் இருக்க என்ன தனிமை என்றார் அத்தா. சிங்கப்பூரில் வேலை முடிந்து பாலம் தாண்டி வந்து, தினமும் நம் கடை மூலை மேசையில் தனியாகச் சாப்பிடும் வசந்தன் மட்டும், தம்பி என்னைத்தான் படம் எடுத்திருக்கான்க்கா என்றான். சிரிக்கவில்லை. அப்போதுதான் நானும் கிட்டே போய் உன்னை உற்றுப் பார்த்தேன். உன் கழுத்தெலும்பு தெரிந்தது. வேறு ஆளை நடிக்க வைக்காமல் நீயே ஏன் உட்கார்ந்தாய்? நடிப்பென்றால் நல்லது, பரிசு வாங்கு. உண்மையென்றால் சொல்லிவிடு, அத்தா உடனே டிக்கெட் எடுத்து வருகிறேன் என்கிறார். நீ திரும்பி வந்தாலும் இங்கே யாரும் ஒன்றும் சொல்ல மாட்டார்கள். போனில் கேட்டால் ஓகே ஓகே என்று வைத்துவிடுகிறாய், அதனால்தான் காகிதம். பதிலையும் எழுதியே அனுப்பு. நேரத்துக்குச் சாப்பிடு, தொழுகையை விடாதே. உன்னோடு உட்கார்ந்து சாப்பிட நல்ல ஆட்கள் கிடைக்க துஆ செய்கிறேன்.

உன் அம்மா,
சபீதா

அண்ணே, அத்தா இப்போது வந்து படத்தை இன்னொரு தடவை போடச் சொல்கிறார். பிள்ளை என்ன சொல்றான்னு இந்தத் தடவை ஒழுங்கா பார்க்கணும் என்கிறார். மேட்ச் பார்க்க வந்தவர்கள் முணுமுணுக்கிறார்கள், அவர் கேட்கவில்லை. திரைக்கு முன்னால் நாற்காலி போட்டு உட்கார்ந்துவிட்டார். இதற்குமேல் எழுத்து தெரியவில்லை, விளக்குகளை அணைத்துவிட்டார்கள்.