வாங்க என்று சொல்லாத ஊர்

கோயம்புத்தூர்
9 ஜூன் 2024

அன்புள்ள மோகனா,

இன்று காந்திபுரத்தில் உன் பஸ் கிளம்பும்வரை ஜன்னலுக்குக் கீழே நின்றேன். தண்ணீர் இருக்கிறதா என்று கேட்டேன். அப்பாவுக்கு மாத்திரையை வேளை தவறாமல் கொடு என்றேன். சொல்ல நினைத்த ஒன்றை மட்டும் சொல்லவில்லை. இங்கேயும் எழுதப்போவதில்லை.

வீடு திரும்பியதும் மாடிப்படியில் வீட்டுக்காரர் சுந்தரராஜுலு பிடித்துக்கொண்டார். “ஏம்மா, அந்தப் பொண்ணு திரும்பி வருமா, இல்ல உன்கூட இருக்க வேற ஆளப் பாக்கட்டுமா?” நீ லீவில்தான் போயிருக்கிறாய் என்றேன். ஆபீசிலும் உன் மேஜை உனக்காகக் காலியாகவே இருக்கும்.

பகலெல்லாம் அடுக்குமாடி வீடுகளுக்குப் பிளான் போட்டுவிட்டு, மாலையில் நாம் வரைந்துவந்த நம் கற்பனை ஊர் இமிழூரை நிறுத்த மனமில்லை. தெற்குத் தெருவை முடித்து இத்துடன் வைத்திருக்கிறேன். பேசி வைத்த எதையும் மாற்றவில்லை. கல் மதில் கிடையாது. ஒவ்வொரு வீட்டின் கூரை விளிம்பிலும் துளைகள். காற்று புகுந்தால் வீடு முரலும். எல்லா வீட்டுச் சத்தமும் ஊர் எல்லையில் ஒன்றுசேர்ந்து கெட்டியாகி நிற்கும். படையெடுத்து வரும் குதிரைகள் பல் கூசித் திரும்பிவிடும். உள்ளே குழந்தைகள் தூங்கும். வேண்டியவர் வந்தால் அவர் வரும் திசையிலுள்ள வீட்டார் துளைகளை அடைத்துச் சத்தத்தை நிறுத்துவார்கள். அமைதிதான் வாசல். ‘வாங்க’ என்ற சொல்லே அந்த ஊரில் இல்லை.

வடக்குத் தெரு உன் பொறுப்பு.

அன்புடன்,
கெசியா

கோபிசெட்டிபாளையம்
3 ஜூலை 2024

கெசியா புள்ளைக்கு,

அப்பாவுக்குப் பக்கவாதம் வந்த வலது கையை இன்னும் தூக்க வரவில்லை. வாய் மட்டும் பழையபடி ஆகிவிட்டது. உன் படத்தைக் காட்டி விளக்கினேன். “வாங்கன்னு சொல்லாத ஊருக்கு எவன் பொண்ணு குடுப்பான் கண்ணு? அதுக்குப் பன்னிக்கு ஏதாச்சும் கட்டிக்குடு” என்றார்.

காட்டுப்பன்றிகள் வாழைக்கன்றுகளைக் கிளறிப் போடுகின்றன. இங்கே எல்லோரும் நாய் குரைக்கிற சத்தத்தைப் பதிவுசெய்து ஒரு ஸ்பீக்கரில் ஓடவிடுகிறார்கள். பன்றி சுற்றிக்கொண்டு மறுபக்கம் வந்துவிடும். நான் உன் தெற்குத் தெருவை எடுத்தேன். வீடுகள் விலகி விலகி நிற்கிற மாதிரியே ஸ்பீக்கர்களை வரப்போரம் வைத்தேன். கடை வைத்திருக்கும் இல்யாஸ் அண்ணன் வந்து வயர் இழுத்துக் கொடுத்தார். பன்றி வரவில்லை. உன் கோட்டை எங்கள் தோட்டத்தில் நிற்கிறது, பார்க்க வா.

ஒரு விஷயம். இந்த மாதக் கடைசிக்குள் வருகிறேனா இல்லையா என்று ஆபீசில் கேட்கிறார்கள். அப்பாவைப் பார்த்துக்கொள்ள சென்னியம்மாள் அத்தை வருகிறேன் என்கிறார். அவர் வந்தால் நான் கிளம்பலாம். இங்கே இருப்பதும் எனக்குப் பிடித்துத்தான் இருக்கிறது. நீ என்ன சொல்கிறாய்? நீ சொல்வதை வைத்துத்தான் முடிவெடுக்கப்போகிறேன்.

உன்,
மோகனப்பிரியா

கோபிசெட்டிபாளையம்
4 ஆகஸ்ட் 2024

கெசியா,

உன்னிடமிருந்து கடிதம் வரவில்லை. போன் செய்தால் சாப்பிட்டாயா, அங்கே மழையா என்று கேட்டுவிட்டு நிறுத்திக்கொள்கிறாய். நானும் எத்தனை தடவைதான் கேட்பது?

அத்தையை வர வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். ஆபீசுக்கும் வரவில்லை என்று எழுதிவிட்டேன். கோபமெல்லாம் இல்லை.

பன்றிகள் சத்தத்துக்குப் பழகிவிட்டன. “தெனமும் அதே நாய் கொரச்சா பன்னிக்குந் தெரியாதுங்களா அம்மணி” என்கிறார் இல்யாஸ் அண்ணன்.

மோகனப்பிரியா

கோயம்புத்தூர்
11 ஆகஸ்ட் 2024

அன்புள்ள மோகனா,

நீ கேட்டதற்குப் பதில்: வா.

உன் கடிதம் வந்த அன்றே எழுத உட்கார்ந்தேன். பிறகு வேண்டுமென்றேதான் எழுதவில்லை. இமிழூரில் ஒருவர் உள்ளே வர வேண்டுமென்றால் என்ன செய்வோம்? சத்தத்தை நிறுத்துவோம். நிறுத்தினேன். பஸ் ஸ்டாண்டிலும் அதைத்தான் செய்தேன். நீயும் சேர்ந்து போட்ட சட்டம், உனக்குப் புரியாமலா போகும் என்று இருந்தேன். எழுதிப் பார்க்கும்போது எவ்வளவு அசட்டுத்தனமாக இருக்கிறது.

மதுக்கரையிலிருந்து அம்மா தினமும் கூப்பிடுகிறார், தனியாக ஏன் இருக்கிறாய், இங்கே வந்துவிடு என்று. ஞாயிறு சர்ச்சுக்குப் போய் வந்தால் அதற்குமேல் பேச ஆளில்லை. ஒருவருக்கு மட்டும் சமைக்க எனக்கு அளவு தெரியவில்லை. நீ வந்துவிடு. ஆபீசில் நான் பேசுகிறேன்.

கெசியா

கோபிசெட்டிபாளையம்
25 ஆகஸ்ட் 2024

கெசியா புள்ளைக்கு,

பஸ் ஸ்டாண்டிலேயே எனக்குக் கொஞ்சம் புரிந்தது. ஆனால் நான் வளர்ந்த வீட்டில், ஆகாதவர்கள் வந்தால்கூட வாங்க என்று கேட்டுவிட்டுத்தான் முகத்தைத் திருப்பிக்கொள்வோம். அந்த ஒரு வார்த்தையைச் சொல்லாவிட்டால் படியேற மாட்டோம். வரையும்போது உன் சட்டம் அழகாக இருந்தது. அதற்குள் வாழ எனக்குத் தெரியவில்லை.

ஜூலையில் நீ ஒரு வரி எழுதியிருந்தால் கிளம்பியிருப்பேன். இப்போது ஆற்றோரத்து வயலிலும் கன்று நட்டாகிவிட்டது. அப்பா என் தோளைப் பிடித்துக்கொண்டு நடக்கிறார். நான் வரவில்லை.

வடக்குத் தெருவை நான் வரையவே இல்லை. நீயே வரைந்துகொள். உடம்பைப் பார்த்துக்கொள்.

மோகனப்பிரியா

கோயம்புத்தூர்
10 செப்டம்பர் 2024

அன்புள்ள மோகனா,

கடிதம் கிடைத்தது. உன் துணிகளையும் புத்தகங்களையும் அட்டைப்பெட்டியில் கட்டி, காலை கோபி பஸ்ஸில் போட்டுவிட்டேன். கண்டக்டரிடம் உன் நம்பர் இருக்கிறது. அப்பாவை விசாரித்ததாகச் சொல்.

சுந்தரராஜுலு ஒரு பெண்ணை அழைத்து வந்தார். பெயர் லாஸ்யா, பேங்கில் வேலை. ஞாயிற்றுக்கிழமை சாமான்களோடு குடிவந்தாள். உன் கட்டிலை ஜன்னலோரம் இழுத்துப் போட்டுக்கொண்டாள்.

கெசியா