யாரும் திறக்காத அழைப்பிதழ்

பிப்ரவரி 11

சவுண்ட் செட் வாடகைக்கு விடும் பாண்டு இன்றும் வந்தார். எதிர்வீட்டுக் கல்யாணத்துக்கு ஸ்பீக்கர் இறக்க வந்தவர், என் வாசலில் நின்று ஒயர் சுற்றினார். சுற்றிய ஒயரையே பிரித்துத் திரும்பச் சுற்றினார். "வெயில் ஜாஸ்தி," என்றார். போய்விட்டார். ஒரு வருஷமாக இதே கதை. ஜாவாவில் இந்தக் க்ளாத்தேன் ஊருக்கே கல்யாண அழைப்பிதழ் வரைந்து போனில் அனுப்புகிறவள் நான். எனக்கு ஒன்று வரையத்தான் வழியில்லை, வாய் திறக்க மாட்டேன் என்கிறார் மனுஷர்!

பிப்ரவரி 14

வரைகிற மென்பொருளின் இலவசக் காலம் முடிந்தது. கம்ப்யூட்டர் கடை பாகாஸ், காசு எதற்கு, பூட்டை உடைக்கிற ஆக்டிவேட்டர் இருக்கிறது என்று ஒரு கோப்பு கொடுத்தான். முதலில் ஆன்டிவைரஸை அணைக்க வேண்டுமாம். அணைத்தேன். ஒரு தட்டு — அவ்வளவுதான், எல்லாம் திறந்துகொண்டது. நாள் முழுக்க மல்லிகை வரைந்தேன். தலைகால் புரியவில்லை.

பிப்ரவரி 15

ஆன்டிவைரஸை மறுபடி போட்டால் ஆக்டிவேட்டரைத் தின்றுவிடுமாம். போடவில்லை. காவல் நாய் சும்மாவா குரைக்கும்? சரி, இருக்கட்டும்.

பிப்ரவரி 19

ஐயோ. எனக்குக் கல்யாணமாம்!

ஆக்டிவேட்டரோடு வந்தது எதுவோ, கம்ப்யூட்டரில் திறந்தே கிடக்கும் என் வாட்ஸ்அப்பில் புகுந்து, 'என் கல்யாண அழைப்பிதழ், திறந்து பாருங்கள்' என்று எல்லோருக்கும் ஒரு கோப்பை அனுப்பியிருக்கிறது. அழைப்பிதழ்க்காரி அனுப்பினால் யாருக்குச் சந்தேகம் வரும்? மாப்பிள்ளை யாரென்று அம்மாவே அழுகிறாள். திறக்காதீங்க, திறக்காதீங்க என்று எழுதி எழுதி விரல் ஓய்ந்துவிட்டது.

சாயங்காலம் பாண்டு. ஹெல்மெட்கூடக் கழற்றவில்லை.

"நான் அதைத் திறக்கல. மனசு வரல. ஒண்ணே ஒண்ணு கேக்கணும். சவுண்ட் செட் யாரோடது?"

மாப்பிள்ளை யாரென்று கேட்கவில்லை. சவுண்ட் செட்!

"மாஸ்," என்றேன், எப்போதும் மரியாதைக்குக் கூப்பிடுகிற மாதிரி. "கல்யாணமே இல்ல. அது வைரஸ்."

படியில் பொத்தென்று உட்கார்ந்தார். ஹெல்மெட்டைக் கழற்றி மடியில் வைத்தார்.

"அப்ப நான் இருக்கேன்."

"சவுண்டுக்கா?"

"மாப்பிள்ளைக்கு. சவுண்டும் என்னோடதுதான்."

டீயில் உப்பைப் போட்டுவிட்டேன். குடித்துவிட்டார்!

பிப்ரவரி 20

சிரிப்பெல்லாம் போச்சு. சுமினி பெரியம்மா அந்தக் கோப்பைத் திறந்து, போன் கேட்டதற்கெல்லாம் சரி, சரி என்று தட்டியிருக்கிறாள். பக்ரீத்துக்கு ஆடு வாங்க வங்கியில் சேர்த்தது முழுக்கப் போய்விட்டது. "உனக்குக் கல்யாணம்ங்கற சந்தோஷத்துல தட்டிட்டேன்டி," என்றாள். திட்டவே இல்லை. திட்டித் தொலைத்திருக்கலாம். ஆடு என் பொறுப்பு என்று சொல்லிவிட்டு வந்தேன். அறிவுகெட்டவளே, உன்னை யார் ஆன்டிவைரஸை அணைக்கச் சொன்னது?

பிப்ரவரி 23

கம்ப்யூட்டரை அடியோடு துடைத்தாயிற்று. மல்லிகையெல்லாம் போயிற்று. கடவுச்சொற்களை மாற்றினேன், மென்பொருளுக்குச் சந்தா கட்டினேன். பாகாஸோடு பேச்சில்லை. பாண்டு இப்போது வீட்டுக்குள் வந்து ஒயர் சுற்றுகிறார்.

மே 18

ஜூன் 14 கல்யாணம்! இதுவரை வரைந்ததிலேயே அழகானதை வரைந்து எல்லோருக்கும் அனுப்பினேன். ஒருவர்கூடத் திறக்கவில்லை. உனக்கு மறுபடி வைரஸ் வந்துவிட்டது, ஜாக்கிரதை என்று எனக்கே புத்தி சொல்கிறார்கள். பாண்டு விழுந்து விழுந்து சிரிக்கிறார். கல்யாணத்துக்கு யார்தான் வருவார்கள்?

ஜூன் 1

வேறு வழியில்லை, பழைய முறைதான். வீடு வீடாகச் சோறும் கோழியும் வைத்த பெட்டி. வாங்கிச் சாப்பிட்டவர்கள் கல்யாணத்துக்கு வந்தே ஆக வேண்டும். அம்மாவும் நானும் விடிகாலையிலேயே கோழி வறுத்தோம். பாண்டுவின் ஸ்பீக்கர் வண்டியில் பெட்டிகளை அடுக்கிக்கொண்டு முதலில் பெரியம்மா வீட்டுக்குப் போனோம். நானும் அவருமாக வாங்கிக் கொடுத்த ஆடு கொல்லையில் கத்திக்கொண்டிருந்தது.

பெட்டியை நீட்டினேன். பெரியம்மா வாங்கினாள், மூடியைத் தொடவில்லை. என்னைப் பார்த்தாள், ஆட்டைப் பார்த்தாள்.

"இதைத் திறந்தா ஆடு போயிடாதே?"

நானே திறந்து ஒரு வாய் ஊட்டிவிட்டேன்.