கிரீம் தட்டும் கல்யாணப் பெண்ணும்

ஜனவரி 18, ஞாயிறு

கல்யாணத்துக்கு முந்தைய வீடியோவைப் பழைய ஊமைப்பட காமெடி மாதிரி எடுக்கலாம் என்றது நான். கறுப்பு வெள்ளை, வாழைப்பழத் தோல், முகத்தில் கிரீம். மாப்பிள்ளை கிஷனுக்கும் பிடித்துவிட்டது. இன்று வீடியோக்காரர் மயில்சாமி வந்து கதை சொன்னார். கிஷன் வழுக்கி விழுவார், தொட்டிக்குள் போவார். நான்? மரத்தடியில் குடையோடு நிற்க வேண்டுமாம். "நீங்க கண்ணச் சிமிட்டுனாப் போதுங்க அம்மணி."

நானும் விழுவேன் என்றேன். "கல்யாணப் பொண்ணு கீழ உழுந்தா சகுனம் ஆகாது" என்றாள் அம்மா. மாப்பிள்ளை விழலாமா? என்று கேட்டேன். கிஷனைப் பார்த்தேன். "அத்தை சொல்றதும் சரிதானுங்களே" என்று காபியைக் குடித்தார். பற்றிக்கொண்டு வந்தது.

ஜனவரி 20

வழுக்கி விழுவதற்கே எனக்காக வாய் திறக்காதவர், நாளைக்கு நான் வேலைக்குப் போவதற்கா திறப்பார்? இந்தக் கல்யாணம் வேண்டுமா?

ஜனவரி 25, ஞாயிறு

வெள்ளகோவில் மாமா தோட்டத்தில் ஷூட்டிங். அம்மா சாப்பாடு எடுக்கப் போன நேரம் பார்த்துக் குடையை வீசிவிட்டு ஓடினேன். வாழைப்பழத் தோலில் கால் வைத்துப் பொத்தென்று விழுந்தேன். முழங்கை சிராய்த்தது. பரம சுகம். எழுந்து கிஷன் முகத்தில் கிரீமை அப்பினேன்.

பதிலுக்கு அவர் அப்ப வேண்டுமே. தட்டைத் தூக்கிக்கொண்டு, "போடட்டுங்களா?" என்கிறார். "சத்தம் வராதுங்க, ஆனா வாய் அசையறது தெரியுமுங்க" என்றார் மயில்சாமி. மறுபடியும், "கண்ணுல பட்டுறாதுங்களே?" அட ராமா. அடிதடிக் காமெடியில் எவனாவது அனுமதி கேட்பானா? வெயிலில் கிரீம் உருகி ஓடியது. "அப்புங்க சாமி" என்று கத்தினேன். ஒருவழியாக அப்பினார். அப்பிய கையோடு "சாரிங்க" என்றார்.

பிப்ரவரி 1, ஞாயிறு

வீடியோ வந்தது. அதில் நான் விழுந்தது இல்லை. கிரீம் இல்லை. குடையோடு நின்று சிமிட்டுகிறேன். அம்மா வெட்டச் சொல்லியிருக்கிறாள். "சம்பந்தி ஊட்டுல பார்த்தா என்ன நெனைப்பாங்க?" நெனைக்கட்டுமே. உழுந்தது நான்தானே? யாரைக் கேட்டு வெட்டுனாங்க?

கிஷனிடம் போனில் கொட்டித் தீர்த்தேன். "சரிங்க" என்றார். அவ்வளவுதான் — சரிங்க.

அச்சகத்துக்கு நானே பேசி, கல்யாணப் பத்திரிகையை அடிக்காமல் நிறுத்தி வைக்கச் சொன்னேன். அம்மாவுக்குத் தெரியாது.

பிப்ரவரி 2

காலையில், இரண்டு குடும்பமும் இருக்கும் வாட்ஸ்அப் குழுவில் வெட்டாத வீடியோ. அனுப்பியவர் கிஷன். அடியில் எழுதியிருந்தார்: "அத்தை மன்னிக்கணுங்க. மயில்சாமிகிட்ட நான்தான் கேட்டு வாங்கினேன். தேஜஸ்ரீ விழறது இல்லாம இது எங்க படம் இல்லைங்க."

அம்மா எங்கள் இருவரோடும் பேசவில்லை. கிஷனின் அம்மா பங்காரம்மா போன் செய்து, "எங்க கண்ணு இப்படி உழுகப் பழகுன?" என்று சிரித்துத் தீர்த்தார்.

மத்தியானம் அச்சகத்துக்குப் பேசினேன். பத்திரிகையை அடிக்கச் சொல்லிவிட்டேன்.