இரண்டு கிண்ணம் சாறு

ஐப்பசி, ஞாயிறு இரவு. கடத்தூர்.

போன மாதம் ஜப்பான் போனபோது எடுத்த போட்டோக்களைப் பார்க்க நாத்தனார் வந்திருந்தாள். கியோட்டோவில் ஒரு கைடு பெண் எங்களைக் கடைத்தெருவுக்கும் கோயிலுக்கும் நடத்தியே கூட்டிப்போன நாளின் படம் வந்தது. உடனே என் வீட்டுக்காரர் சிரிக்க ஆரம்பித்துவிட்டார்.

“புரட்டாசி சனிக்கிழமையும் அதுவுமா உங்கண்ணி ரெண்டு கிண்ணம் மீன் சாறு குடிச்சா. இன்னி வரைக்கும் அவளுக்குத் தெரியாது.”

எனக்கு இங்கிலீஷ் வராது. அன்றைக்குக் கடைத்தெருவில் கிண்ணத்தை வாங்கும் முன்பே, “மீனு கீனு கலந்திருக்குதான்னு கேளுங்க” என்றேன். அந்தப் பெண்ணிடம் கேட்டுவிட்டுத்தான் சொன்னார்: “ஒண்ணுமில்ல, பருப்புத் தண்ணியாட்டந்தான். குடி.” காய்ந்த மீனைச் சீவிப் போட்டுக் கொதிக்க வைத்தது என்று அவள் தெளிவாகச் சொல்லியிருக்கிறாள். அந்த வாயோடுதான் கோயிலில் கைகூப்பி நின்றேன். எல்லாம் தெரிந்தே இவர் பக்கத்தில் நின்றிருக்கிறார்.

“பெருமாளு ஜப்பானுக்கா வந்து பாக்கப் போறாரு, வுடுங்கண்ணி” என்று நாத்தனாரும் சிரித்தாள்.

பெருமாள் பார்த்தாரோ இல்லையோ, இவர் பார்த்தார். பார்த்துவிட்டு போட்டோவும் எடுத்தார். சீ!

அவள் போனதும் சாப்பிட உட்கார்ந்தார். ரசம் ஊற்றினேன். “நல்லாருக்குதே, என்ன போட்ட?” என்றார். நான் கரண்டியால் ரசத்தை ஒரு கலக்குக் கலக்கினேன். பதிலுக்குக் காத்திராமல் டம்ளரை நீட்டி, இன்னொரு தடவை வாங்கிக் குடித்தார்.

நானும் அன்றைக்கு அப்படித்தான், உள்ளே என்ன இருக்கிறதென்று தெரியாமலே, இரண்டாவது கிண்ணம் வாங்கினேன்.