மூன்றாம் தளத்தில் பட்ட பந்து

என் நேச அண்ணைக்கு,

ஞாயிற்றுக்கிழமை கொலோன் மைதானத்தில் நாலு பேர் நின்றோம்: நான், உங்கள் மகள் தர்சினி, அந்தக் காலத்திலிருந்தே கழகத்துக்கு ஸ்கோர் எழுதும் கெல்லர் ஐயா, அந்தப் பேஸ்போல் ஆட்டத்தில் எதிரணிக்கு மூன்றாம் பேஸ் தளம் காத்த மார்ட்டின். ஐந்தாவதாக உங்களையும் சேர்க்க ஆசைதான். நின்றவர்களை மட்டும் எழுதுவது என் பழக்கம்.

நீங்கள் போன பிறகு கழகச் சுவரில் ஒரு பலகை மாட்டியிருக்கிறார்கள். ஜேர்மன் முதற்பிரிவு பேஸ்போலில் ஒருமுறையாவது சொந்த அடியால் தளம் பிடித்தவர்களின் பெயர்கள், பக்கத்தில் அடிகளின் எண்ணிக்கை. அதில் உங்கள் பெயர் இல்லை. பதினான்கு வருடம் கீழ்ப்பிரிவில் ஆடி, முழங்கால் போகுமுன் மேலே நாலே ஆட்டம் கிடைத்தவர் நீங்கள். நாலாவதில் நீங்கள் அடித்த பந்தை மார்ட்டின் தவறவிட்டதாகக் கெல்லர் ஐயா பதிந்துவிட்டார். ஆகவே அது உங்கள் அடியில்லை, மார்ட்டினுடைய பிழை. உங்களுக்குப் பூச்சியம்.

என் கொப்பியில் அப்படி இல்லை, அண்ணை. விதிப் புத்தகத்தை அகராதியோடு இருந்து தனியே படித்தவள் நான். பந்து மூன்றாம் தளத்தில் பட்டு எகிறியது என்று அன்றே குறித்திருந்தேன். அப்படியென்றால் அது அடித்தவருக்கே சேரும்.

கொப்பியைக் கொண்டுபோனேன். கெல்லர் ஐயா கண்ணாடியைத் துடைத்துத் துடைத்துப் பார்த்தார். மேலே இருந்த பிள்ளையார் சுழியைக் காட்டி, இது என்ன ஆட்டக் குறி, தனக்குத் தெரியாதே என்றார். அது பிள்ளையார், அவர் எந்த அணியிலும் இல்லை என்றேன். சிரித்தார். ஆனாலும் தங்கையின் கொப்பி மட்டும் சாட்சியாகாது என்றுவிட்டார். நியாயம்தானே?

தர்சினிதான் டார்ம்ஸ்டாட்டில் மார்ட்டினைத் தேடிப் பிடித்தாள். "மாமி, அந்தாளுக்கும் இது வயித்தெரிச்சல்தான். செய்யாத பிழையை இவ்வளவு காலமும் சுமந்து திரிஞ்சிருக்கிறார்."

ஞாயிறு ரயிலேறி வந்தார் மார்ட்டின். பந்து தன் கையுறையைத் தொடவேயில்லை, தளத்தில் பட்டுத் தலைக்கு மேலால் போனது என்று குந்தி எழும்பிக் காட்டினார். கெல்லர் ஐயா அவரையும் கொப்பியையும் மாறி மாறிப் பார்த்தார். லீக்கின் பதிவை இனி மாற்ற முடியாது, பலகை கழகத்தினுடையது என்றார். பிறகு வெள்ளைப் பெயின்ற் பேனையைத் தானே எடுத்தார்.

சிவநேசன், ஒன்று.

"அப்பா ஏறிட்டார்" என்றாள் தர்சினி. எல்லாரையும்விடப் பலமாகக் கைதட்டியவர் மார்ட்டின். நான் முருகனைக் கும்பிட்டேன், நடு மைதானத்தில், வெட்கமில்லாமல்.

அடுத்த பருவத்துக்கு ஸ்கோர் மேசையில் தன்னோடு இருந்து எழுதக் கெல்லர் ஐயா என்னைக் கேட்டிருக்கிறார். ஓம் என்றுவிட்டேன். ஒருவருக்கும் கூட்டியும் எழுத மாட்டேன், குறைத்தும் எழுத மாட்டேன். இது உங்களுக்கு என் வாக்கு.

ஒன்று மட்டும் கேட்க வேண்டும். அன்று நீங்கள் வாயே திறக்கவில்லை. ஓடின ஓட்டத்தில் பந்து பட்டதைக் காணவில்லையா? கண்டும் பேசாமல் விட்டீர்களா? கனவிலாவது வந்து கெதியாய்ப் பதில் சொல்லுங்கோ.

உங்கள் தங்கச்சி,
கலா