நேரே வீட்டுக்கு வருகிறாள்

மணிலா,
புதன்கிழமை.

அன்பு மகள் மரிகாருக்கு,

ஜெட்டாவில் நீ வேளாவேளைக்குச் சாப்பிடுகிறாய் என்ற நம்பிக்கையோடு அப்பா எழுதுவது. இங்கே புயல் மழை விட்டுவிட்டது. கூரைக்கு ஒன்றும் ஆகவில்லை. தெரு மட்டும் ஈரம் காயாமல் இன்னும் பாதித் தூக்கத்தில் கிடக்கிறது.

மாலைச் செய்தி நேரத்தில் இப்போதெல்லாம் நான் வீட்டில் உட்காருவதில்லை. சந்தில் நடக்கிறேன். எல்லா வீட்டிலும் உன் அம்மா வாசிக்கும் செய்திதான் ஓடுகிறது. ஒரு வீட்டு ஜன்னலில் அவள் தொடங்கும் வாக்கியத்தை அடுத்த வீட்டு ஜன்னலில் முடிக்கிறாள். முப்பது வருஷமாக நாடே கேட்கும் குரல். கனவில் யாரோ கூடவே பேசிக்கொண்டு வருவது போல இருக்கிறது. உன் அண்ணன் எலியாஸ் போன படகு கவிழ்ந்த செய்தியையும் அவள்தான் வாசித்தாள். அன்றைக்கும் குரல் நடுங்கவில்லை, எப்படித்தான் முடிந்ததோ!

அவள் வழக்கம் உனக்குத் தெரியும். சாவு வீட்டுக்குப் போனால் நாமெல்லாம் நேரே வீடு திரும்ப மாட்டோம். செத்தவர் பின்னாலேயே வந்துவிடுவார் என்று எங்காவது நின்றுவிட்டுத்தான் வருவோம். உன் அம்மாவுக்கோ சாவுச் செய்தி வாசித்தாலே போதும், கஞ்சிக் கடையில் இறங்காமல் வரமாட்டாள். "ஊர்ச் சாவையெல்லாம் வாசிக்கிறவ நான். அத்தனை பேரும் பின்னாடியே வந்தா நாம எங்க படுக்கிறது?" என்று சிரிப்பாள்.

இப்போது நேரே வருகிறாள், மரிகார். டிரைவர் நொனோய் பயந்துபோய் என்னிடம் சொன்னான்: "கஞ்சிக் கடைகிட்ட வண்டிய மெதுவாக்கினாலே மேடம் கத்துறாங்க சார். நிக்காத, நேரா போங்கிறாங்க." வந்ததும் எலியாஸின் தட்டைக் கழுவி மேசையில் வைக்கிறாள். உடல்கூடக் கிடைக்காத பிள்ளை, அவனுக்கு வீட்டுக்கு வழி தெரிய வேண்டாமா என்கிறாள்.

கடலில் தேடுவதை நிறுத்திவிட்டார்கள். வெள்ளிக்கிழமைச் செய்தியில் இறந்தவர்களின் பெயர்களைச் சொல்லப்போகிறார்கள். அன்றைக்கு மட்டும் வேறொருவர் வாசிக்கட்டும் என்று நிலையத்தில் சொன்னார்களாம். "என் பிள்ளை பேரை இன்னொருத்தி வாயால கேக்கணுமா? நான்தான் வாசிப்பேன்" என்று சண்டை போட்டுவிட்டு வந்திருக்கிறாள்.

வாசித்துவிடுவாள், அதில் எனக்குச் சந்தேகமில்லை. அதற்குப் பிறகுதான் பயமாக இருக்கிறது. அன்றைக்கும் நேரே வந்தால் அவன் இங்கேயே தங்கிவிடுவான். போக வேண்டிய இடத்துக்குப் போகமாட்டான். அவளும் அந்தத் தட்டை விட்டு நகரமாட்டாள்.

வெள்ளிக்கிழமை செய்தி முடிந்ததும் அவளுக்குப் போன் செய் கண்ணே. கடையில் இறங்கி ஒரு வாய் கஞ்சி குடிக்கச் சொல். அண்ணனை அங்கேயே வழியனுப்பிவிட்டு வரச் சொல். நீ சொன்னால் கேட்பாள்.

என்னைச் சொல்லச் சொல்லாதே. கார் சத்தம் கேட்டதும் ஓடிப்போய்க் கதவைத் திறப்பவன் நான்தான். அவள் உள்ளே வந்த பிறகும் மூட மனசு வராமல், இன்னும் ஒருவர் நுழைகிற நேரம் அதைப் பிடித்துக்கொண்டே நிற்கிறேன்.

மாதா உன்னைக் காக்கட்டும்.

உன் அப்பா,
ருஃபினோ